இரண்டு ஊர்ப் பெயர்களுக்கு நடுவே கோடு வேண்டுமா?

#1 படிப்பகத்துக்காரன்

எல்லோருக்கும் வணக்கம். ஒரு சின்னக் குறியைப் பற்றித்தான் கேள்வி. ஆனால் அதனால் எங்கள் சங்கப் பதிவு மூன்று வாரமாக நிற்கிறது.

பக்கத்துப் பக்கத்தில் இரண்டு ஊர்கள். உண்மைப் பெயர்கள் வேண்டாம், ஆலடி, கரைமேடு என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டிலும் தனித்தனியாகப் படிப்பகம் நடந்தது. ஆலடியில் நல்ல கட்டடம், புத்தகம் குறைவு. கரைமேட்டில் புத்தகம் நிறைய, கூரை ஒழுகுகிறது. ஒன்றாகச் சேர்ந்து ஒரே வாசகர் சங்கமாகப் பதிவு செய்யலாம் என்று இரண்டு ஊரும் மனதார ஒப்புக்கொண்டாயிற்று. ஏழு பேர் கையெழுத்து, விதிமுறைகள், முகவரிச் சான்று எல்லாம் தயார். பெயரில் வந்து நின்றுவிட்டோம்.

நான் எழுதிய வரைவில் 'ஆலடி கரைமேடு வாசகர் சங்கம்' என்று இருந்தது. கரைமேட்டு இளைஞர்கள் 'ஆலடி-கரைமேடு' என்று நடுவில் கோடு கட்டாயம் வேண்டும் என்கிறார்கள். கோடு இல்லாவிட்டால் ஆலடிக்குள் இருக்கும் ஒரு பகுதிதான் கரைமேடு என்று வெளியாள் நினைப்பார் என்பது அவர்கள் வாதம். ஆலடிப் பெரியவர்கள் "சேர்ந்தாச்சு, அப்புறம் நடுவுல எதுக்கு வேலி?" என்று கேட்கிறார்கள். எனக்கு இரண்டு பேர் சொல்வதும் சரியாகவே படுகிறது. எழுத்து விஷயம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

#2 மெய்ப்பு_அக்கா

தம்பி, கோடு நம் எழுத்துக்குப் பின்னால் வந்து சேர்ந்தது. ஓலையில் எழுதிய காலத்தில் சொல்லுக்குச் சொல் இடைவெளியே விடமாட்டார்கள், மெய்யெழுத்துக்குப் புள்ளிகூடப் பெரும்பாலும் வைப்பதில்லை. அச்சு வந்தபோதுதான் நிறுத்தக்குறிகள் எல்லாம் வந்தன. அதனால் கோடு ஆகாது என்று நான் சொல்ல வரவில்லை, முற்றுப்புள்ளியும் அப்படி வந்ததுதானே. கோடு வருவதற்கு முன்பே இரண்டு பெயரைச் சமமாகச் சேர்க்க நமக்கு வழி இருந்தது.

அதற்குப் பெயர் உம்மைத்தொகை. செடிகொடி என்றால் செடியும் கொடியும். வெற்றிலைபாக்கு என்றால் வெற்றிலையும் பாக்கும். 'உம்' மறைந்து நிற்கிறது. இங்கே நடுவில் வல்லின ஒற்று மிகாது. யாரும் 'வெற்றிலைப்பாக்கு' என்று சொல்வதில்லை, கேட்டுப் பாருங்கள். ஒற்று வந்துவிட்டால் உறவே வேறாகிவிடும். மதுரைக் கடைத்தெரு என்றால் மதுரையில் உள்ள கடைத்தெரு. அதே மாதிரி 'ஆலடிக் கரைமேடு' என்று எழுதினால் ஆலடியைச் சேர்ந்த கரைமேடு. அந்த இளைஞர்கள் பயப்படுவது இதற்குத்தான். பயம் நியாயமானது. ஆனால் அதற்குக் காவல் கோடு இல்லை, நடுவில் 'க்' நுழையாமல் பார்த்துக்கொள்வதுதான் காவல்.

20 வருடமாக மெய்ப்புப் பார்க்கிறேன், அதனால் ஒன்று சொல்கிறேன். சந்திப்பிழை திருத்தும் மென்பொருளும் சரி, அவசரமாகத் திருத்துபவரும் சரி, இந்த மாதிரி இடத்தில் ஒற்றைப் போட்டுவிடுவார்கள். ஆவணம் தட்டச்சாகி வந்ததும் அந்த இடங்களை நீங்களே ஒரு முறை பாருங்கள்.

#3 படிப்பகத்துக்காரன்

அக்கா, இப்போதுதான் எடுத்துப் பார்த்தேன். முதல் பக்கத்தில் சரியாக இருக்கிறது. மூன்றாம் பக்கத்தில் இரண்டு இடத்தில் 'ஆலடிக் கரைமேடு'. தட்டச்சு செய்தவர் நல்லெண்ணத்தில் திருத்தியிருக்கிறார். அதைப் படித்த பிறகுதான் கோடு பேச்சே வந்ததோ என்னவோ.

#4 பலகைக்கடை

அப்பா காலத்தில் தூரிகை, இப்போது பிளக்ஸ். இரண்டிலும் பெயர்ப் பலகைதான் எங்கள் பிழைப்பு. அந்த அனுபவத்தில் சொல்கிறேன், இரண்டு ஊர்ப் பெயருக்கு நடுவில் கோடு போட்டால் நம் ஊர்க்காரர் கண்ணுக்கு அது பேருந்துப் பலகை. 'மதுரை – தேனி' என்று பார்த்தே வளர்ந்த கண். இங்கிருந்து அங்கே என்றுதான் முதலில் எடுத்துக்கொள்ளும். ஒரு விளையாட்டுக் குழுவுக்கு இரண்டு ஊர்ப் பெயரையும் கோடு போட்டு எழுதிக் கொடுத்தோம். வழியில் நின்ற ஒரு பாட்டி "இந்த வண்டி எத்தனை மணிக்கு?" என்று கேட்டார். அவர் கேட்டது தப்பே இல்லை, அந்தக் கோடு அவருக்கு அதைத்தான் சொன்னது.

கோடு எவ்வளவு நீளம் என்பதும் எழுதுகிறவர் கையில் இருக்கிறது. நீங்கள் தாளில் சின்னதாகக் கொடுப்பீர்கள். பெரிய பலகையில் இடம் நிரப்ப நாங்கள் இழுத்துவிடுவோம். இழுத்தால் சேர்க்கிற கோடு பிரிக்கிற கோடாகத் தெரியும்.

#5 மறுகரை

இந்த இழையை ஒருத்தர் அனுப்பிவைத்தார். நான் கரைமேட்டுக்காரன், அண்ணன் வைத்த பெயரையே நானும் சொல்கிறேன்.

கோடு கேட்டதில் முதல் ஆள் நான்தான். மூன்றாம் பக்கத்து 'க்' எனக்குக் கண்ணிலேயே படவில்லை. எங்கள் காரணம் வேறு. எங்களுக்குத் தபால் ஆலடி வழியாக வருகிறது. பேருந்து நிறுத்தத்தின் பெயர் ஆலடி விலக்கு. வெளியூரில் யாராவது கேட்டால் நாங்களே "ஆலடிப் பக்கம்" என்று சொல்லிப் பழகிவிட்டோம். எங்கள் தாத்தாமார் சேர்த்த புத்தகங்களும் இப்போது அங்கே போகப் போகின்றன. பெயரிலாவது நாங்கள் தனியாக நிற்கிறோம் என்பது தெரிய வேண்டும். அதற்கு என்ன குறி போட்டாலும் சரி. எனக்குக் கோடுதான் தெரிந்தது, அதனால் கோடு கேட்டேன்.

#6 ஏடு_புரட்டி

மறுகரை தம்பி எழுதியதைப் படித்ததும் செக்கோஸ்லோவாக்கியா நினைவுக்கு வந்தது. அங்கே ஒரு நாடே இந்தக் கோட்டில் மாட்டிக்கொண்டது.

1989 நவம்பரில் கம்யூனிஸ்ட் ஆட்சி சரிந்தது. 1990 ஜனவரி 23 அன்று குடியரசுத் தலைவர் வாட்ஸ்லாவ் ஹாவெல் நாடாளுமன்றத்தில், நாட்டின் பெயரிலிருந்து 'சோஷலிச' என்ற சொல்லை எடுத்துவிடலாம் என்றார். எளிதில் முடியும் வேலை என்றுதான் நினைத்திருப்பார்கள். ஆனால் ஸ்லோவாக்கியப் பிரதிநிதிகள், பெயரைத் தொடுவதானால் 'செக்கோ-ஸ்லோவாக்கியா' என்று நடுவில் கோடு வேண்டும் என்றார்கள். ஒட்டி எழுதினால் தங்கள் பெயர் செக்கின் வாலாகிவிடுகிறது என்பது அவர்கள் மனக்குறை. மறுகரை தம்பி சொன்ன அதே குறை. செக் பக்கத்திலும் வலி இருந்தது. 1938 மியூனிக் ஒப்பந்தத்தில் எல்லைப் பகுதிகளை ஹிட்லரிடம் இழந்த பிறகு, மிச்சம் இருந்த அந்தச் சில மாத நாட்டின் பெயரில்தான் கோடு இருந்தது. அவர்களுக்குக் கோடு என்றாலே அந்தத் தோல்வி.

மார்ச் 29 அன்று ஒரு சமரசம் செய்தார்கள். செக் மொழியில் எழுதும்போது கோடு இல்லை, ஸ்லோவாக் மொழியில் எழுதும்போது கோடு உண்டு. ஒரு மாதம்கூடத் தாங்கவில்லை. ஏப்ரல் 20 அன்று 'செக் மற்றும் ஸ்லோவாக் கூட்டாட்சிக் குடியரசு' என்று மாற்றிவிட்டார்கள். 1992 டிசம்பர் 31 நள்ளிரவோடு நாடே இரண்டாகிவிட்டது. கோட்டினால்தான் பிரிந்தார்கள் என்று சொல்ல முடியாது, பொருளாதாரமும் அதிகாரப் பங்கீடும் பெரிய காரணங்கள். ஆனால் உள்ளே இருந்த வலி முதலில் வெளியே தெரிந்தது அந்தக் கோட்டில்தான்.

இந்தச் சண்டைக்கு இரண்டு மொழியிலும் வைத்த பெயரிலேயே ஒரு சங்கதி உண்டு. செக் மொழியில் இணைக்கும் சிறுகோட்டுக்கு ஒரு சொல், பிரித்துக்காட்டும் நீள்கோட்டுக்கு வேறொரு சொல். சண்டைக்கு நீள்கோட்டின் பெயரே நிலைத்துவிட்டது. பலகைக்கடை நண்பர் சொன்னது அங்கேயும் நடந்திருக்கிறது.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். ஆஸ்திரியா-ஹங்கேரி 1867 முதல் இரட்டை முடியரசு. அதன் பொதுப் படையை நீண்ட காலம் 'பேரரச அரச' படை என்று இரண்டு சொல்லையும் அடுத்தடுத்து வைத்தே அழைத்தார்கள். ஹங்கேரியர் விடாமல் கேட்டு, 1889 முதல் 'பேரரச மற்றும் அரச' படை என்று ஆக்கினார்கள். அரச என்பது தங்கள் நாடு, அது தனியாகத் தெரிய வேண்டும் என்றுதான். ஜெர்மன் மொழியில் முதலெழுத்துகளை மட்டும் வைத்துச் சுருக்கி எழுதும்போது கூடியது ஒரே ஓர் எழுத்து.

#7 யாழ்க்கரை

எங்கட இலங்கைப் பக்கத்திலும் இதற்குப் பழக்கமான உதாரணம் இருக்கிறது. 1957 ஆம் ஆண்டு பண்டா-செல்வா ஒப்பந்தம், 1964 ஆம் ஆண்டு சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம். இரண்டையும் கோடு போட்டே எழுதுகிறோம். ஒருவருக்கும் குழப்பம் வந்ததில்லை. ஏனென்றால் அவை எதிரெதிரே இருந்து கையெழுத்திட்ட இரண்டு தரப்பு. கோடு அந்தத் தூரத்தையும் சேர்த்துக் காட்டுகிறது.

உங்கட விசயம் அப்படி இல்லை. நீங்கள் ஒரே வீட்டுக்குள் வரப்போகிற ஆட்கள். அதனால் கோடு பொருந்துமா என்று எனக்கு ஐயம். அதோடு, கோடு போட்டாலும் போடாவிட்டாலும் ஒரு பெயர் முதலில் வரத்தான் வேண்டும். அதைப் பற்றி யாரும் இன்னும் கதைக்கவில்லையே?

#8 வலைவேலை

கணினிப் பக்கம் இருந்து ஒன்றிரண்டு சொல்கிறேன்.

கணினியில் ஒவ்வோர் எழுத்துக்கும் குறிக்கும் ஓர் எண் தரும் முறை யூனிகோடு. பார்க்க ஒரே மாதிரி இருக்கும் கோடுகள் அதில் பல. 2010 என்ற எண்ணில் இருப்பது இணைப்புக்குறி. 2011 வரிக் கடைசியில் உடையாத இணைப்புக்குறி. 2013 கொஞ்சம் நீளம், 2014 இன்னும் நீளம். விசைப்பலகையில் நாம் தட்டுவது இவற்றில் எதுவும் இல்லை, கழித்தல் குறிக்கும் சேர்த்துப் பொதுவாக வைத்திருக்கும் பழைய குறி அது. மனிதக் கண்ணுக்கு எல்லாம் கோடுதான், கணினிக்கு ஒவ்வொன்றும் வேறு. பெயரை எழுத்துக்கு எழுத்து ஒப்பிடும் மென்பொருளில் ஒன்றுக்குப் பதில் இன்னொன்று இருந்தால் பொருந்தாது என்று சொல்லிவிடும். சொல்செயலிகள் சில நேரம் நம்மைக் கேட்காமலே சின்னக் கோட்டை நீளக் கோடாக மாற்றிவிடும், அதையும் கவனிக்க வேண்டும்.

இணையதள முகவரியில் விசைப்பலகைக் கோடு மட்டும்தான் செல்லும், அதுவும் முதலிலோ கடைசியிலோ வரக்கூடாது. எக்ஸ் தளக் கணக்குப் பெயரில் கோடு ஏற்காது, அடிக்கோடு மட்டுமே. இதை எல்லாம் விடுங்கள். முகவரியைத் தொலைபேசியில் ஒருவருக்கு வாயால் சொல்லிப் பாருங்கள். "ஆலடி, நடுவில் கோடு, கரைமேடு." கேட்பவர் நடுக்கோடா, அடிக்கோடா என்று திருப்பிக் கேட்பார்.

#9 கணக்குப்பிள்ளை

அலுவலக வேலை பார்த்தவன் என்ற முறையில் என் பங்குக்கு. நான் கணக்குப் பார்த்த ஓர் அறக்கட்டளையின் பெயரில் கோடு உண்டு. வங்கிக் கணக்கு தொடங்கும்போது அங்கே இருந்தவர் கோடு இல்லாமல் ஏற்றிவிட்டார், நாங்களும் கவனிக்கவில்லை. அப்புறம் பதிவுச் சான்றிதழில் உள்ளபடி கோடு போட்டு ஒரு நன்கொடைக் காசோலை வந்தது. பெயர் ஒத்துவரவில்லை என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். இரண்டும் ஒரே அமைப்புதான் என்று கடிதம் கொடுத்து, தீர்மான நகல் கொடுத்து, சரியாவதற்கு இரண்டு மாதம். கொடுத்தவர் வயதானவர், இரண்டாம் முறை எழுதித் தரச் சொல்ல எனக்கு மனமே வரவில்லை.

அதனால் கோடு உண்டா இல்லையா என்பதைவிட, எதை முடிவு செய்தாலும் எல்லாத் தாளிலும் அச்சு அசலாக அதுவே இருக்கட்டும். தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டம் 1975இன் கீழ் பதிந்த பிறகு பெயரை மாற்றச் சிறப்புத் தீர்மானம் போட வேண்டிவரும். இப்போது செலவழிக்கிற மூன்று வாரம் வீண் இல்லை, நிதானமாகவே முடிவெடுங்கள்.

கம்பெனிகளுக்கு இதில் தனி விதியே உண்டு. 2014ஆம் ஆண்டுப் பதிவு விதிகளில், ஒரு பெயர் இன்னொன்றைப் போல இருக்கிறதா என்று பார்க்கும்போது எழுத்து இடைவெளி, நிறுத்தக்குறி வேறுபாடுகளைக் கணக்கில் எடுப்பதில்லை. உங்களுக்கு அது பொருந்தாது. ஆனாலும் யோசித்துப் பாருங்கள், சட்டம் எழுதியவர்களுக்குக் கோட்டை நம்பிப் பெயரை வேறாகக் கருத மனம் வரவில்லை.

#10 புதியவன்77

இவ்வளவு யோசனை எதற்கு? 'ஆலடி மற்றும் கரைமேடு வாசகர் சங்கம்' என்று வைத்துவிடுங்கள். செக் நாட்டுக்காரர்களும் கடைசியில் அதைத்தானே செய்தார்கள்?

#11 மெய்ப்பு_அக்கா

அவர்கள் மொழியில் அது இயல்பு. தமிழில் 'மற்றும்' என்பது இணைக்கும் சொல்லே இல்லை, மேலும், வேறும் என்ற பொருள் தருவது. பட்டியலின் கடைசியில் அதைச் செருகுவது மொழிபெயர்ப்புத் தமிழில் வந்த பழக்கம். அறிவிப்புகளில் வந்தால் நான் விட்டுவிடுகிறேன், வழக்கத்தில் ஊறிவிட்டது. ஆனால் ஓர் அமைப்பின் பெயர் பல வருடம் நிற்கப் போவது. உம் வேண்டுமானால் 'ஆலடியும் கரைமேடும்' என்று வெளிப்படையாகவே வைக்கலாமே. நீளம்தான் கொஞ்சம் கூடும்.

#12 ஏடு_புரட்டி

பெயரில் கோடு உள்ள பெரிய நிறுவனங்களைக் கொஞ்சம் பார்த்தேன். ரோல்ஸ்-ராய்ஸ் இரண்டு மனிதர்களின் பெயர். 1904இல் மான்செஸ்டரில் சந்தித்தார்கள், 1906இல் நிறுவனம், கோடு இன்றும் இருக்கிறது. ஹியூலெட்-பேக்கார்டில் யார் பெயர் முதலில் என்பதை 1939இல் நாணயம் சுண்டித் தீர்மானித்தார்கள். 2015இல் நிறுவனம் இரண்டானபோது ஒரு பாதிக்கு ஹியூலெட் பேக்கார்ட் என்ற பெயர் தொடர்ந்தது, கோடு போய்விட்டது. வால்-மார்ட் 2008இல் கடைப் பலகையில் பெயரை ஒரே சொல்லாக்கியது, சட்டப்படியான பெயரில் கோட்டை 2018 பிப்ரவரியில்தான் எடுத்தது. அந்தப் பத்து வருடமும் பலகையில் ஒன்று, தாளில் ஒன்று. கணக்குப்பிள்ளை ஐயா சொன்னது அவ்வளவு பெரிய நிறுவனத்திலேயே நடந்திருக்கிறது.

எனக்கு முக்கியமாகப் பட்டது டைம்லர். 1926இல் டைம்லரும் பென்ஸும் சேர்ந்தபோது டைம்லர்-பென்ஸ், நடுவில் கோடு. அது பல பத்தாண்டு நிலைத்தது. 1998இல் அமெரிக்காவின் கிரைஸ்லரோடு சேர்ந்தபோது கோடும் இல்லை, இடைவெளியும் இல்லை, டைம்லர்கிரைஸ்லர் என்று ஒட்டியே எழுதினார்கள். சமமானவர்களின் இணைப்பு என்று அறிவித்தார்கள். 2007இல் பிரிந்துவிட்டார்கள். ஒட்டி எழுதியதாலே மனமும் ஒட்டிவிடவில்லை.

செக்கோஸ்லோவாக்கியாவின் மார்ச் 29 சமரசத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. இரண்டு மொழியில் இரண்டு விதமாக எழுதியதால்தான் அது உடைந்தது என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். தமிழில் 'தமிழ்நாடு' ஒரே சொல். ஆங்கிலத்தில் இடைவெளி விட்டு இரண்டு சொல். 1969 முதல் அப்படித்தான் இருக்கிறது, யாருக்கும் அதனால் மனக்குறை வந்ததில்லை. ஒருவர் மேல் ஒருவருக்கு நம்பிக்கை இருந்தால் எழுத்து வேறுபாடு தாங்கும்.

#13 மெய்ப்பு_அக்கா

யாழ்க்கரை கேட்ட கேள்வி நேற்றிலிருந்து மனதில் ஓடிக்கொண்டே இருக்கிறது. எது முதலில்? தம்பி, இரண்டு பெயரையும் மாற்றிப் போட்டுப் பாருங்கள்: கரைமேடு ஆலடி வாசகர் சங்கம்.

இப்போது நடுவில் வருவது உயிரெழுத்து. ஒற்று மிகுமா என்ற பேச்சே இல்லை, எந்தத் திருத்துநரும் 'க்' போட முடியாது. அதைவிட முக்கியம், ஒன்று இன்னொன்றுக்கு உட்பட்டது என்றால் தமிழில் 'கரைமேட்டு ஆலடி' என்று சொல் திரிந்திருக்கும். வீடு வீட்டுத் தோட்டம் ஆகிறது, காடு காட்டுவழி ஆகிறது, அதுபோல. 'கரைமேடு' என்று திரியாமல் நிற்கிறது என்றாலே அது தனித்து நிற்கிறது, பக்கத்தில் இருப்பதற்குச் சமமாக நிற்கிறது. மறுகரை தம்பி கோட்டிடம் எதை எதிர்பார்த்தாரோ, அதை அந்த 'டு' செய்துவிடுகிறது.

#14 மறுகரை

அக்கா, இதை அம்மாவிடம் இரண்டு விதமாகவும் சொல்லிக் காட்டினேன். "கரைமேட்டு ஆலடி"க்கு "அப்படி ஓர் ஊர் இல்லையே" என்றார். "கரைமேடு ஆலடி"க்கு "ரெண்டு ஊரையும் சொல்றே" என்றார். எனக்கு இதுவே போதும், கோடு கேட்பதை விட்டுவிடுகிறேன். ஆனால் எங்கள் பெயர் முதலில் வருவதை ஆலடிப் பெரியவர்கள் ஏற்பார்களா?

#15 படிப்பகத்துக்காரன்

நேற்று மாலை இரண்டு ஊரும் ஆலடிக் கட்டடத்தில் கூடினோம். இந்த இழையை அச்செடுத்துக்கொண்டு போய் முக்கியமான இடங்களை வாசித்தேன். பேருந்துப் பலகை விஷயம் வந்ததும் எல்லோரும் தலையாட்டினார்கள். கோடு அந்த இடத்திலேயே போய்விட்டது.

வரிசைதான் நேரம் எடுத்தது. அகரவரிசையில் ஆலடிதானே முதலில் என்று ஒருவர் கேட்டார். கேட்டது சரிதான், என்னிடம் பதில் இல்லை. ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் எழுந்தார், ஆலடிக்காரர். "கட்டடம் நம்ம ஊர்ல. முகவரியில ஆலடி, பலகை மாட்டுற சுவரு ஆலடி. புத்தகம் அவங்களது. பெயர்ல அவங்க முன்னால நிக்கட்டும்" என்றார். அதற்கு மேல் யாரும் பேசவில்லை. கரைமேட்டு ஆட்கள் சிலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். நானும்தான்.

தீர்மானத்தில் இப்படி எழுதியிருக்கிறோம்: தமிழில் கரைமேடு, ஓர் இடைவெளி, ஆலடி. கோடு இல்லை, 'மற்றும்' இல்லை. ஆங்கிலத்திலும் அதே வரிசை, இடைவெளி மட்டும். இரண்டு மொழி எழுத்துக்கூட்டலையும் தீர்மானத்துக்குள்ளேயே பெரிய எழுத்தில் சேர்த்துவிட்டோம், வங்கிக்கும் அதே நகல்தான் போகும். கணக்குப்பிள்ளை ஐயாவுக்கு நன்றி. மூன்றாம் பக்கத்தையும் திருத்தியாயிற்று. திங்கள்கிழமை மாவட்டப் பதிவாளர் அலுவலகம்.

#16 பலகைக்கடை

நல்ல முடிவு. பலகை நானே செய்து தருகிறேன், பொருள் செலவு மட்டும் கொடுங்கள். ஒரே வரியில் எழுதப் பாருங்கள். இரண்டு வரியாக உடைத்தால் மேலே ஒன்று கீழே ஒன்று ஆகிவிடும், மறுபடி பேச்சு கிளம்பும். பத்தடி நீளம் இருந்தால் இரண்டு பெயரும் ஒரே உயரத்தில் ஒரே வரியில் அடங்கும். சுவர் அவ்வளவு இருக்கிறதா என்று அளந்து சொல்லுங்கள்.

#17 மறுகரை

அளந்துவிட்டேன் அண்ணன், பதினொன்றே கால் அடி. ஞாயிற்றுக்கிழமை மழை இல்லாவிட்டால் புத்தகங்களை ஏற்றுகிறோம். யாரிடமாவது அட்டைப்பெட்டி இருந்தால் கொண்டுவாருங்கள். சாக்கில் போட்டால் பழைய புத்தகங்களின் ஓரம் மடங்கிவிடும்.